ஒன்றரை வரி ஜாமீன்

மேல்கோர்ட்டின் கடைசி பெஞ்சில் அண்ணி மாவுக்கட்டுப் போட்ட கையோடு உட்கார்ந்திருக்கிறாள். அந்தக் கையை உடைத்த கொழுந்தன், கீழ்க்கோர்ட் தந்த ஜாமீன் தெம்பில், முன்வரிசையில் சாவிக்கொத்தை விரலில் சுழற்றிக்கொண்டிருக்கிறான். நேற்று அதே சாவியால் அவள் வீட்டுக் கேட்டைத் தட்டி, “கை எப்படியிருக்கு அண்ணி?” என்று கேட்டுவிட்டுப் போனவன். ஜாமீனை ரத்து செய்யக் கோரும் அவள் மனு மீதான விசாரணைதான் இப்போது நடக்கிறது. நீதிபதி கீழ்க்கோர்ட் உத்தரவைப் படிக்கிறார், ஒன்றரை வரி. தாளைத் திருப்புகிறார்; பின்பக்கம் வெள்ளை வெளேரென்று இருக்கிறது. “முன்னாடியும் மிரட்டினான்னு போலீஸ் எழுதியிருக்கே. அப்புறம் எதுக்கு விட்டாங்க? காரணம் எங்கே?” கொழுந்தனின் வக்கீல் தொண்டையைச் செருமுகிறார். “மாஜிஸ்திரேட் மனசுல இருந்திருக்கும் ஐயா.” “எனக்குத் தாளைத்தானே அனுப்பியிருக்காங்க, மனசை அனுப்பலையே.” கிலுகிலுத்துக்கொண்டிருந்த சாவி நின்றுவிடுகிறது. விசிறி ஓடுவதே அவளுக்கு இப்போதுதான் கேட்கிறது.