தோற்ற அணியின் வரிசை

லாசால் நகரில் எங்கள் உணவகத்துக்கு வெளியே, பனிமேல் மதிய வெயில் கண்ணைக் கூசுகிறது. 1950களில் ஒரு ஆட்டப் பருவம் முழுக்கத் தோற்ற அமெரிக்கக் கால்பந்து அணிக்காரர்கள் வருடந்தோறும் இங்கே சாப்பிட்டு, பழைய ஆட்ட வரிசையில் நின்று படமெடுப்பார்கள். இம்முறை மிஞ்சியவர்கள் இரண்டு கிழவர்கள். ஆளுக்கொரு முனையில் நிற்கிறார்கள். கமெரா, தலைகளை வெட்டி எடுப்பதில் பேர்போன என் கையில். “ஏன் அண்ணை, ரெண்டு பேரும் கோவமே? கிட்ட நிக்கச் சொல்லுங்கோ,” என்கிறாள் பரிமாறும் அஜந்தா. சொல்கிறேன். “நடுவில் ஆட்கள் நிற்கிறார்களே,” என்கிறார் ஒருவர், வெறும் பனியைக் காட்டி. இருவரும் ஆட்டம் தொடங்கப்போவதுபோல மெல்லக் குனிந்து, ஒரு கையைப் பனியில் ஊன்றுகிறார்கள். நான் பின்னால் பின்னால் நகர்ந்து தெருவுக்கே வந்துவிடுகிறேன். பஸ் ஒன்று எனக்காக நிற்கிறது. எல்லோரும் படத்துக்குள் வந்துவிட்டார்களா என்று பார்க்கிறேன்.