நிழலில் ஒரு நாற்காலி

ஒரகடத்திலிருந்து ஜீப்பில் ஆய்வுக்கு வந்த அதிகாரியைப் பள்ளிச் சுவரோர நிழலில் உட்காரவைத்தாள் கணக்கு டீச்சர் ஏலவார்குழலி. பிள்ளைகள் எட்ட, வெயிலில் இருந்தார்கள். அந்த மரியாதை அவருக்குப் பிடித்திருந்தது.

"சுவர் விரிசல் விட்டிருக்குன்னு இனிமே எழுதாதீங்க. தொண்ணூத்திரண்டாம் வருஷம் பணம் வந்தா பார்க்கலாம். பசங்க கணக்குல என்ன கத்துக்கிட்டாங்க?"

டீச்சர் கண்காட்ட, மாணவி கிளியம்மாள் எழுந்தாள். "நிழல அளந்து, இந்தச் சுவரு பத்தடி ஒசரம்னு கண்டுபுடிச்சோம் சார். வுழுந்தா பத்தடிக்குள்ளதான் வுழும். அதான் நாங்க பன்னெண்டாவது அடியில குந்திக்கினு கீறோம்."

அதிகாரியின் சிரிப்பு நின்றது. "அப்ப என் நாற்காலி?"

"மூணாவது அடியில சார். நான்தான் அளந்து போட்டேன்" என்றாள் ஏலவார்குழலி. "எழுந்திரிக்காதீங்க, சுவரைப் பத்திப் பேசலாம்."