பாய்க்குள் ஒருவர்

"அண்ணே, அமைச்சர் பேரையே போட்டுட்டீங்களே! இனி உங்கள உயிரோட விடுவானா?"

தம்பி பெனி நீட்டிய பத்திரிகையைத் தொமாசி வாங்கவில்லை. 'என் கடையைக் கொளுத்தியவர் அமைச்சர்தான்.' அந்த வரியை எழுதியவருக்கு அதைப் படிக்கத் துணிவில்லை.

சேப்பங்கிழங்கு ஏற்றுமதியில் தொடங்கி, தீவின் தலைநகரான அபியாவின் கடைத்தெருவிலேயே பெரிய கடை வைத்தவர் அவர். அரசியல் எழுதத் தொடங்கியபின் மொட்டைக் கடிதங்கள் வந்தன. ஜன்னலில் கல் விழுந்தது. முந்தாநாள் கடையே எரிந்தது.

"அண்ணி எங்கே?"

"பயந்துபோய் அவ அண்ணன் வீட்டுக்குப் போயிட்டா. 'இன்னிக்குக் கடை, நாளைக்கு நீங்க, எழுதறத விடுங்க'ன்னு அழுதா. நான் கேக்கல."

"எப்படிக் கேப்பீங்க? நீங்க கட்டிக்கிட்டது பேனாவைத்தானே!"

கூரையில் தூறல் விழுந்துகொண்டிருந்தது. வெளியே ஈரப் புல்லில் பல காலடிகள்.

இருவரும் தட்டியை விலக்கிப் பார்த்தார்கள். விடியாத இருட்டில், வாசலில் பத்துப் பதினைந்து பேர் தலை கவிழ்ந்து உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் ஓர் உருவம் குலத்தின் பரம்பரைப் பாயால் முழுக்க மூடப்பட்டிருந்தது.

தீவு வழக்கப்படி, குற்றம் செய்தவர்கள் மன்னிப்புக் கேட்கச் சுற்றத்தோடு வந்து இப்படித்தான் உட்காருவார்கள். பாயை எடுத்தால் மன்னித்ததாக அர்த்தம். வெட்டிப் போட்டாலும் ஏனென்று கேட்க ஆளில்லை.

"பாத்தீங்களா! பத்திரிகை வந்த உடனே அமைச்சர் ஆளுங்க வந்து விழுந்துட்டாங்க!" பெனியின் மற்றொரு கை வெட்டுக்கத்தியை எடுத்தது. "நீங்க தள்ளுங்க. நான் போறேன்."

"சும்மா இருடா."

பாய்க்குள்ளும் கத்தி இருந்தால்? தொமாசி தம்பியை விலக்கிவிட்டுப் படியிறங்கினார். யாரும் நிமிரவில்லை. இருமக்கூட இல்லை. பாய் மட்டும் நடுங்கிக்கொண்டிருந்தது. உள்ளே இருப்பவருக்கும் பயம்தான் என்று தோன்றியது. குனிந்து, பாயை எடுத்தார்.

உள்ளே அவர் மனைவி மசினா. இரண்டு உள்ளங்கைகளும் தீயில் வெந்திருந்தன.

"கடைய நான்தான் கொளுத்தினேன். பயந்தாவது நிறுத்துவீங்கன்னு... கடை போனாலும் நீங்க மிஞ்சுவீங்கன்னு. இனிமே எழுத மாட்டீங்கல்ல?"

பெனி கத்தியைக் கீழே போட்டுவிட்டு, பத்திரிகையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டான்.