ரமிரோவுக்கு ஒரேயொரு வசனம்

அஞ்சலீனாவின் குசினியில் இருந்து இயேசு மட்டன் ரோல் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். தவக்கால வெள்ளிக்கிழமை என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை; இரண்டாவதையும் எடுத்துவிட்டார்.

"உடுப்பிலை எண்ணெய் படப்போகுது, பாத்துச் சாப்பிடச் சொல்லு கிளின்ரன்," என்றாள் அஞ்சலீனா. படுக்கை விரிப்பை வெட்டி அந்த வெள்ளை அங்கியைத் தைத்தவள் அவள்தான்.

ஆளின் பெயர் ரமிரோ. ஸ்பெயினில் ஒரேயொரு படத்தில், மாப்பிள்ளைக்குக் குடை பிடித்த நடிகர். லண்டனுக்கு வந்து, மிச்சம் என்கிற எங்கள் பகுதியில் ட்ராம் ஸ்டொப்புக்கு அருகே ஒரு கடையில் கோப்பி ஊற்றிக்கொண்டிருந்தார். தாடி, தலைமயிர், பார்வை எல்லாம் எங்கள் வீடுகளில் மாட்டியிருக்கும் திருஇருதயப் படம் அப்படியே. அதைக் கண்டுபிடித்தது பக்கத்து வீட்டுச் செபஸ்தியாம்பிள்ளையரின் ஒரே மகன் கிளின்ரன்.

"பெரிய வெள்ளிக்குக் கோயிலிலை காட்ட ஒரு குறும்படம், அன்ரி. படுக்கையிலை கிடக்கிற வருத்தக்காரனுக்கு ஆண்டவர் காட்சி குடுக்கிறார். அப்பாதான் வருத்தக்காரன்."

"கொப்பருக்குக் கண் தெரியாதே. அவர் எப்பிடி நடிப்பார்?"

"நிழலாத் தெரியும். படமெண்டு சொல்லேல்லை. சொன்னா நடிப்பு வராது."

கிளின்ரனின் தமக்கை கிளறிற்றாவுக்கு அன்று பகல் ஷிப்ட். கலியாணமும் கட்டாமல் தகப்பனைப் பார்த்துக்கொண்டு கிடந்தவள் அவள். 'வீடு உனக்குத்தான் பிள்ளை' என்று கிழவர் றோட்டுக்கே கேட்கச் சொல்லியிருந்தார். கிளின்ரனோ வால்தம்ஸ்டோவில் இருந்து நத்தார்ப் பண்டிகைக்கு மட்டும் வந்து போகிறவன். அவனுக்குள் இவ்வளவு பாசமா என்று அஞ்சலீனா கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

கிழவரின் அறைக் கதவைச் சாத்திவிட்டுத்தான் படம் எடுத்தார்கள். ரமிரோவுக்கு ஒரேயொரு தமிழ் வசனம். அது காதில் விழாமற்போனது அஞ்சலீனாவுக்கு இன்றும் ஆறாத கவலை. கிழவர் விம்மி விம்மி, "ஓம் ஆண்டவரே, ஓம்," என்றது மட்டும் படிக்கட்டுவரை கேட்டது.

அடுத்த கிழமை செபஸ்தியாம்பிள்ளையர் லோயரை வீட்டுக்குக் கூப்பிட்டார். மகளுக்கு வீட்டை எழுதுகிறார் என்று றோட்டு முடிவு செய்தது; கிளறிற்றாவும் அப்படித்தான் நினைத்தாள். அதற்குப் பிறகு கிழவர் அவளோடு முகங்கொடுத்துப் பேசவில்லை. வருத்தம் கூடிவிட்டது என்றார்கள்.

பெரிய வெள்ளிக்கு முன்னரே ஆள் போய்ச் சேர்ந்தார். கோயிலில் படமும் காட்டவில்லை. "அப்பாவைத் திரையிலை பாக்க என்னாலை ஏலாது," என்று கிளின்ரன் அழுதான். அவனைத் தேற்றத்தான் ஆட்கள் கூடினார்கள். கிளறிற்றா தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு நின்றாள்.

முப்பத்தோராம் நாள் நினைவுச் சாப்பாட்டுக்கு ரமிரோவும் பூங்கொத்தோடு வந்தார். திங்கட்கிழமை லோயரிடம் போகவேண்டும், வந்ததும் முன்னறைக்கு என்ன நிறப் பெயின்ற் அடிக்கலாம் என்று கிளறிற்றா அஞ்சலீனாவிடம் கேட்டுக்கொண்டிருந்தாள்.

ரமிரோ இடையில் புகுந்து, படம் எப்போது வெளிவரும் என்று ஆங்கிலத்தில் கேட்டார். கதாநாயகன் வேடம் கிடைத்த துணிவில் கோப்பிக் கடை வேலையை விட்டுவிட்டாராம். பாவம், தலைமயிர்கூட வெட்டவில்லை.

கிளறிற்றாவுக்கு ஒரு மாதத்துக்குப் பிறகு சிரிப்பு வந்தது. வசனத்தை ஒருக்கால் சொல்லிக் காட்டச் சொன்னாள்.

'அஞ்சாதே, நான் உன்னோடு இருக்கிறேன்' என்று அதற்கு அர்த்தம், கிளின்ரன் சொல்லித் தந்தது என்றார் ரமிரோ. பிறகு சாப்பாட்டுக் கோப்பையைக் கீழே வைத்து, சுவரில் இருந்த திருஇருதயப் படத்தைப்போலவே வலக்கையை உயர்த்தி, ஓர் எழுத்தும் பிசகாமல் சொன்னார்:

"மகனே, வீட்டை உன் மகனுக்கு எழுதிவை."