தகரம் தட்டாத வீடு

டண்... டண்... டண்...

மேற்கே முதல் வீட்டில் தகர டப்பா சத்தம் கேட்டதுமே தெருவுக்குத் தெரிந்துவிட்டது. வந்தாச்சு.

அப்புறம்தான் வெளிச்சம் தெரிந்தது. பச்சையும் இல்லை, நீலமும் இல்லை. கட்டில் அகலத்துக்கு, வீட்டுக்கு மேலே பனை உயரத்தில் அசையாமல் நிற்கும். மாசி பிறந்து பொழுது அடைந்தால் போதும், கரிசல் காட்டைத் தாண்டி வந்துவிடும். செல்போனில் பிடித்தால் வெறும் இருட்டுதான் விழும். விசாரிக்க வந்த அதிகாரி, "கல்யாண வீட்டு டிரோனா இருக்கும்" என்று சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறிக்கொண்டார்.

டிரோனாவது கிரோனாவது. விடியும்வரை எந்த வீட்டுக்கு மேல் நிற்கிறதோ, அந்த வீட்டில் ஒரு உயிர் குறையும். போன வருஷம் லிங்கராஜ் வீட்டுப் பசு. அதற்கு முந்தின வருஷம் அவன் அண்ணன்.

விரட்ட இந்த வருஷம்தான் கண்டுபிடித்த ஒரே வழி, மக்காச்சோளத்தில் பன்றி விரட்டுகிற அதே எண்ணெய் டப்பா. அந்தந்த வீட்டு ஆள் தன் கையால் தட்டினால், வெளிச்சம் கிழக்கே அடுத்த வீட்டுக்கு நகரும். அவர்கள் தட்டினால் அதற்கடுத்த வீடு. இப்படியே தள்ளித் தள்ளித் தெருக்கோடியில் இருக்கிற பூட்டின வீட்டுக்குக் கொண்டு சேர்த்துவிட்டால், நிம்மதியாகச் சாப்பிட்டுப் படுக்கலாம்.

இன்றைக்குத் தட்டின முதல் டப்பா சுந்தரபாண்டியுடையது. அவர் தட்டின தட்டில் டப்பாவே நெளிந்துபோனது. வெளிச்சமும் வீடு வீடாக நகர்ந்தது.

பேச்சித்தாய் வீட்டுக்கு வந்ததும் நின்றுவிட்டது.

அவள் வாசலில் ரெண்டு வெள்ளாடுகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து மிளகாய் வத்தலுக்குக் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தாள். சுந்தரபாண்டி நெளிந்த டப்பாவும் கம்புமாக வந்து நின்றார். பின்னால் தெருவே நின்றது.

"ஏட்டி பேச்சி, காது அடைச்சிருக்கா? தட்டுட்டி!"

"கை சோலியா இருக்கேன் அண்ணாச்சி."

"வத்தல் எங்கன ஓடியா போகுது?"

"காலையில வியாபாரி வந்துருவாரு."

"ஓசி வெளிச்சத்துல வேலை பாக்காவ. கரண்டு பில்லு மிச்சம்லா!" என்று கூட்டத்தில் ஒரு குரல்.

யாரும் சிரிக்கவில்லை. லிங்கராஜ் கெஞ்சினான். "விளையாடாதீய அக்கா. எங்க அண்ணன் போனது மறந்து போச்சா?"

அவள் குனிந்து கிள்ளிக்கொண்டே இருந்தாள். பொறுக்க மாட்டாமல் சுந்தரபாண்டியே அவள் வாசலில் நின்று நாலு தட்டு தட்டிப் பார்த்தார். வெளிச்சம் இம்மியும் நகரவில்லை. அடுத்தவன் கைக்கு அது எப்போது நகர்ந்திருக்கிறது?

"உனக்கு அடுத்து ஆரு வீடு? தங்கச்சாமி வீடு. அவன் தையல் வேலைன்னு குடும்பத்தோட புதியம்புத்தூர் போயி எம்புட்டு நாளாச்சு! பூட்டுன வீட்டு மேல நின்னா ஆருக்கு என்ன நட்டம்?"

"அங்கன தட்ட ஆளில்லை அண்ணாச்சி."

"பூட்டுன வீட்டுல தட்ட ஆளு எதுக்குட்டி? கிறுக்கி! ருசி கண்டுட்டா நாளைக்கும் இந்தத் தெருவுக்குத்தான வரும்? பிள்ளைகுட்டி இருக்க தெரு இது. பிள்ளை அருமை உனக்கு என்ன தெரியும்?"

பேச்சித்தாய் நிமிர்ந்து பார்த்தாள்.

"உங்களுக்குத்தான் பிள்ளையே கிடையாதே. நீங்கதான சொன்னீங்க?"

தெருவே சுந்தரபாண்டியைத் திரும்பிப் பார்த்தது. மகள் ஜெயப்பிரியா விரும்பினவனோடு போனதிலிருந்து அவர் அப்படித்தான் சொல்லிக்கொண்டு திரிகிறார். ஊர் எல்லையை மிதித்தால் காலை ஒடித்துவிடுவேன் என்று கோயில் வாசலில் வைத்துச் சொன்னவர்.

"ஆரைப் பத்திப் பேசுத?"

அவள் காதடியிலேயே டப்பாவைத் தட்டிக் கிழித்துவிடுகிற கோபத்தில் கம்பை ஓங்கினார். பேச்சித்தாய் எட்டிக் கம்பைப் பிடித்துக்கொண்டாள். வத்தலை விட்டு அவள் கை எடுத்தது அப்போதுதான்.

"மெதுவா அண்ணாச்சி. பிள்ளை இப்பத்தான் கண்ணசந்துச்சு."

"எந்தப் பிள்ளை?"

அவள் பூட்டின வீட்டுப் பக்கம் தாடையைக் காட்டினாள். குரலைத் தணித்தாள்.

"உங்க பேத்தி. ஜெயப்பிரியா புருஷன் திருப்பூர்ல கிடக்கான். ஆஸ்பத்திரியில இருந்து போக்கிடம் இல்லாம நேத்து வந்து நின்னா. எங்கிட்ட தங்கச்சாமி வீட்டுச் சாவி இருந்துச்சு, பின்வாசல் வழியா விட்டேன். பச்சை உடம்பு, டப்பாவைத் தூக்கத் தெம்பில்லை. தூக்கினாலும் தட்ட மாட்டா. சத்தம் கேட்டு அப்பா வந்துருவாருன்னு பயம்."

சுந்தரபாண்டி மேலே பார்த்தார். தன் வீட்டிலிருந்து தானே முதலில் தள்ளிவிட்ட வெளிச்சம்.

"அதான் ரெண்டு வெள்ளாட்டையும் வாசல்ல கட்டிப் போட்டிருக்கேன். எது வேணுமோ எடுத்துக்கிடட்டும். இல்லைன்னா நான் இருக்கேன்."

அவர் டப்பாவைச் சத்தமில்லாமல் தரையில் கவிழ்த்து வைத்தார். பின்வாசலுக்குப் போகிற சந்துப் பக்கம் பார்த்தபடியே நின்றார்.

பேச்சித்தாய் அடுத்த வத்தலை எடுத்துக் காம்பைக் கிள்ளினாள்.