துக்க வீட்டுக் கோழி

வெர்லன் பாடிய ‘அவள் மண்ணுக்குள், நான் மழைக்குள்’ என்ற சோகப் பாட்டு டென்னஸி வானொலிகளில் ஒலிக்கத் தொடங்கியதிலிருந்து அவன் வீட்டு வாசலில் சாப்பாடு குவிந்தது. மனைவியைப் புதைத்தவனை எங்கள் ஊரில் யாரும் பட்டினி போடமாட்டார்கள்.

பாட்டைக் கேட்டு அழுத யூனிஸும் வறுத்த கோழியோடு வந்து கதவைத் தட்டினாள். ஏப்ரன் கட்டிய ஒருத்தி திறந்தாள்.

“பாவம், வெர்லன் எப்படி இருக்கார்?”

“உள்ள குறட்டை விடறார். குடுங்க.”

யூனிஸ் பாத்திரத்தைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள். “நீ யாரு?”

“ஆர்டித். இந்த வீட்லதான் இருக்கேன்.”

“அடிப்பாவி! அந்த மகராசி கல்லறையில மண்ணு கூடக் காயல. அதுக்குள்ள அவ ஏப்ரனைக் கட்டிக்கிட்டு நிக்கறியே!”

“இது என்னோடதுதாங்க. நீங்கள்லாம் குடுத்த பாத்திரத்தைக் கழுவ வேணாமா?”

“சாகறப்ப அவ என்ன சொன்னா தெரியுமா? ‘என் அடுப்படியில வேற யாரையும் விடாதே’ன்னா! பாட்டுலயே வருதே!”

“தெரியும். அந்த வரியை எழுதினதே நான்தான்.”

“செத்தவளைப் பத்தி எழுத நீ யாருடி?”

“செத்தவளே நான்தாங்க! அவரைச் சாகடிச்சா பாட ஆள் வேணுமே. அதான் பாட்டுல அவர் பொண்டாட்டி என்னையே கொன்னுட்டேன்.”

யூனிஸ் கையிலிருந்த கோழியை ஆர்டித் பதமாக வாங்கிக்கொண்டாள்.

“பாட்டு வந்ததிலேர்ந்து அந்த அடுப்பை நானே பத்த வைக்கல. அடுத்த பாட்டுல என் மாமியார் சாகறாங்க. அப்போ உருளைக்கிழங்கு மசியலும் கொண்டு வாங்க.”