ரேடியோக்காரருக்கு ஒரு கையெழுத்து

ஏறி உட்கார்ந்ததும் அந்த மனிதர் செய்த முதல் வேலை, சீட் பெல்ட்டை இழுத்து மாட்டிக்கொண்டதுதான். அலுவலகத்தின் பின்புறத் திடலில், ரேடியோ மாற்றுவதற்காக ஓரங்கட்டி நிறுத்தியிருந்த பழைய காரில்!

டிரைவர் சீட்டில் ஸ்க்ரூ டிரைவரும் கையுமாக இருந்த ரேடியோக்காரர், ஓனர்தான் வந்துவிட்டார் என்று நிமிர்ந்து உட்கார்ந்தார். "சாவி வண்டியிலயே இருக்கும். ஓனர் உள்ள வேலையா இருப்பார், நடுவுல வந்தாலும் வருவார்" என்று கடையில் சொல்லித்தான் அனுப்பியிருந்தார்கள். வந்தவரின் மடியில் அட்டை, அட்டையில் காகிதம், கையில் பேனா. குறை எழுதுவதற்கென்றே பிறந்தவர் போலிருந்தார்.

ஏற்கெனவே ரேடியோக்காரர் மேல் இரண்டு புகார். இரண்டிலும் ஒரே குற்றச்சாட்டு: வாய் ஓயாமல் விளக்கம் சொல்லிக் கழுத்தறுக்கிறார். காலையில் முதலாளி கறாராகச் சொல்லிவிட்டார்.

"அண்ணே, இன்னைக்கு 'திருப்தி'ன்னு ஓனர்கிட்ட ஒரு கையெழுத்து வாங்கிட்டு வாங்க. இல்லாட்டி நாளைலேர்ந்து வராதீங்க."

இருபது வருட வேலை. பஸ்ஸில் வழி நெடுக உதட்டைக் கடித்துக்கொண்டே வந்தார். காரின் வயிற்றுக்குள் ஓடும் வயர் ஒவ்வொன்றும் அவருக்கு அத்துப்படி. காரை ஓட்டத்தான் தெரியாது.

"ஆரம்பிக்கலாமா சார்?" என்று கேட்டு வாயை இறுக மூடிக்கொண்டார்.

"உங்க வசதிப்படி ஆரம்பிங்க, அவசரமே இல்ல. ஆனா என்ன செய்றீங்கன்னு வாய்விட்டுச் சொல்லிக்கிட்டே செய்யணும்."

ரேடியோக்காரருக்குக் கண் கலங்கிவிட்டது. இப்படி ஒரு ஓனருக்காகத்தானே இத்தனை நாள் காத்திருந்தார்!

"முதல்ல பானெட்டைத் திறந்து பேட்டரியோட மைனஸ் வயரக் கழட்டிடணும் சார். கழட்டாம உள்ள கை வச்சா, எங்கயாவது ரெண்டு வயரு உரசி ஃபியூஸ் போயிடும்."

"கழட்டிட்டா வண்டி நகராதுல்ல?"

"ஒரு இஞ்ச் நகராது சார்."

அவர் நீளமாக ஒரு மூச்சு விட்டார். காகிதத்தில் எதையோ குறித்தார்.

ரேடியோக்காரர் இறங்கிப் போய் அந்த வயரைக் கழற்றிவிட்டு வந்தார். இரண்டு கம்பிகளை ஓரத்துத் துளைகளில் நுழைத்து, பழைய ரேடியோவை அலுங்காமல் வெளியே இழுத்தார். பின்னாலேயே வால் மாதிரி வயர்க் கொத்து வந்தது.

"வண்டியோட வந்த இந்தக் கம்பெனி பிளக்கை வெட்டவே கூடாது சார். வெட்டிட்டா எது எதுக்குன்னு அப்புறம் எவனுக்கும் புரியாது. இதுக்கும் புது ரேடியோவுக்கும் நடுவுல இந்தக் குட்டி இணைப்பைப் போடணும். ரெண்டு வீட்டுக்கும் நடுவுல நின்னு பேசி முடிக்கிற தரகர்னு வச்சுக்குங்க."

"ம்ம், சொல்லுங்க."

"மஞ்சள் வயரு மாமியார். வண்டி தூங்கினாலும் அது முழிச்சே இருக்கும். எந்த ஸ்டேஷன், மணி என்ன, எல்லாத்தையும் ஞாபகம் வச்சிருக்கும். சிவப்பு வயரு வீட்டோட மாப்பிள்ளை. சாவியத் திருகி எழுப்பினாத்தான் எழும்பும். ரெண்டையும் இடம் மாத்திட்டா..."

"குடும்பம் நாசம்."

"அதேதான் சார்! தினமும் காலைல ரேடியோவுக்கு எல்லாம் மறந்துபோயிடும்."

"இவ்வளவு நிதானமா வேலை செஞ்சு நான் யாரையும் பாத்ததில்ல" என்றார் அவர். அதையும் எழுதிக்கொண்டார்.

கறுப்பு வயரைக் காரின் உடம்போடு இறுக்கி, நான்கு ஸ்பீக்கர்களுக்கும் ஜோடி ஜோடியாக வயர் சேர்த்து, ஒவ்வொன்றுக்கும் காரணம் சொல்லி முடிப்பதற்குள் முக்கால் மணி நேரம் ஓடிவிட்டது. அவர் ஒருமுறைகூடக் கொட்டாவி விடவில்லை.

பேட்டரி வயரை மறுபடி மாட்டிவிட்டு வந்து ரேடியோக்காரர் சாவியில் கை வைத்தார். அவ்வளவுதான், பக்கத்து சீட்டில் இருந்தவரின் கை தாவிப் போய்க் கதவுக்கு மேலிருந்த பிடியை இறுக்கிப் பிடித்துக்கொண்டது. கண்ணையும் மூடிக்கொண்டார்.

'பெத்த பிள்ளை மாதிரி வச்சிருக்கார் வண்டிய' என்று நினைத்துக்கொண்டார் ரேடியோக்காரர். "பயப்படாதீங்க சார், பாதி திருகுதான். இன்ஜின் எழும்பாது."

நான்கு ஸ்பீக்கர்களிலும் வானிலை அறிக்கை கணீரென்று ஒலித்தது. அவர் ஒரு கண்ணை மட்டும் திறந்து பார்த்தார்.

"ஒண்ணே ஒண்ணு பாக்கி சார். சும்மா ஒரு ரவுண்டு போய்ட்டு வந்துட்டா, இன்ஜின் இரைச்சல் ஸ்பீக்கர்ல வருதான்னு பாத்துடலாம்." ஓட்டப்போவது ஓனர்தானே என்ற நினைப்பில் சொன்னார் ரேடியோக்காரர்.

"வேணாம்!" அவர் குரல் கிறீச்சிட்டது. "ரவுண்டெல்லாம் வேணாங்க. இதுவே போதும். எனக்குப் பரம திருப்தி."

திருப்தி! ரேடியோக்காரர் சட்டைப் பையில் கைவிட்டுக் கடைச் சீட்டைத் தேடினார். அதற்குள் அவர் தன் அட்டையிலிருந்த காகிதத்திலேயே கையெழுத்துப் போட்டு, பையிலிருந்து ஒரு முத்திரையை எடுத்து அழுத்தி, கிழித்து நீட்டிவிட்டார். பெல்ட்டைக் கழற்றி இறங்கி, இரண்டு காலும் தரையில்தான் இருக்கின்றனவா என்று குனிந்து பார்த்துக்கொண்டார்.

"சார், இது எங்க கடைச் சீட்டு இல்லையே?"

அவர் ஜன்னல் வழியாகக் கையை நீட்டி, ரேடியோக்காரரின் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

"லைசன்ஸ் தபால்ல வீட்டுக்கு வந்துடும்; காலைலேர்ந்து டெஸ்ட்டுக்கு வந்த ஒன்பது பேர்ல எதையும் இடிக்காத ஒரே ஆளு நீங்கதான்!"